ஷாட்டுக்குள் நுழைந்த தயாரிப்பாளர்

பிரான்சின் தியெப் துறைமுகத்தில் எடுத்த அந்தப் படம்வரை, யுகெத் தெல்பெக் படப்பிடிப்புக்கு வந்துபோவதே யூனிட்டில் பாதிப் பேருக்குத் தெரியாது. விளக்குகளுக்குப் பின்னால் எங்காவது நிற்பார், கேமராமேனிடம் இரண்டு வார்த்தை பேசுவார், சிகரெட் முடியும்போது கார் கிளம்பியிருக்கும். "தயாரிப்பாளர் மூஞ்சி ஸ்பாட்டுல அடிக்கடி தெரிஞ்சா, எங்கயோ ஓட்டை விழுந்திருக்குன்னு அர்த்தம், ஃபிர்மேன்" என்பார் என்னிடம். நான் அவருக்குத் தயாரிப்பு நிர்வாகி. அவர் கம்பெனி தொடங்கிய நாளிலிருந்து மூடிய நாள்வரை கூட இருந்தவன்.

பாரிசுக்குப் பக்கத்தில் ழுவான்வில்லில் ஒரு ஸ்டுடியோவில் தட்டச்சுப் பெண்ணாகச் சேர்ந்தவர் அவர். வசனத்தைத் தட்டும்போதே எந்தக் காட்சி தேறாது என்று விரலுக்குத் தெரிந்துவிடும் என்பார். போருக்குப் பிறகு அவருடைய முதலாளி கடையைக் கட்டிக்கொண்டு போனபோது பாதியில் நின்ற ஒரு படத்தை இவர் எடுத்து முடித்துக் கொடுத்தார். அப்படித்தான் தயாரிப்பாளரானார். போஸ்டரின் அடியில், அச்சகத்தின் பெயருக்குச் சற்று மேலே, பொடி எழுத்தில் அவர் பெயர் இருக்கும். அதைப் பற்றி அவர் குறைப்பட்டு நான் கேட்டதில்லை. ஆனால் ஓர் இடத்தில் ஐந்து நிமிடம் சேர்ந்தாற்போல் அவர் உட்கார்ந்தும் பார்த்ததில்லை. தொலைபேசியில் பேசினால் அதன் நீள ஒயர் அறை முழுக்கக் கூடவே சுற்றும். நாங்கள் தாண்டித் தாண்டிப் போவோம்.

எழுபத்தொன்று இலையுதிர் காலம். திதியே ப்ருனெல் என்ற இளம் இயக்குநர் ஒரு கதையோடு எங்களிடம் வந்து நான்கு வருடமாகியிருந்தது. அதற்கு முன் ஒரே ஒரு படம் எடுத்திருந்தான். பத்திரிகைகள் புகழ்ந்தன, ஜனங்கள் எட்டிப் பார்க்கவில்லை. இந்தக் கதை, துறைமுகத்தைவிட்டுப் போக மறுக்கும் ஒரு கிழட்டுப் படகோட்டியைப் பற்றியது. அந்த வேடத்துக்கு ஒக்தாவ் மார்சாக்கைத் தவிர வேறு யாரையும் யோசிக்க முடியாது என்று அவன் ஒற்றைக்காலில் நின்றான். ஒக்தாவ் போருக்கு முன் பெரிய கதாநாயகன்; பெண்கள் அவர் புகைப்படத்தைத் தலையணைக்கடியில் வைத்துக்கொள்வார்கள். பிற்பாடு பாதிரியார், நீதிபதி என்று இரண்டு நிமிட வேடங்களாகக் குறுகிப்போனவர். இந்த இருவரையும் ஒரே படத்தில் கட்டி நிறுத்த யுகெத் அந்த நான்கு வருடமும் அலைந்தார்.

எல்லாம் கூடிவந்த நேரத்தில் காப்பீட்டு நிறுவனத்து மருத்துவர் ஒக்தாவைப் பரிசோதித்தார். வெளியே நடைவழியில் யுகெத்தும் நானும் நின்றிருந்தோம். மருத்துவர் கதவைச் சாத்திவிட்டு வந்து, தாழ்ந்த குரலில் சொன்னார்: "இதயம் மோசம் மேடம். இவரை வெச்சுக்கிட்டு ரெண்டு மாசம் கடற்கரையில படம் எடுக்கறதெல்லாம் நடக்காத காரியம். நாங்க பொறுப்பேற்க முடியாது."

பின்னாலேயே சட்டைப் பொத்தானைப் போட்டபடி ஒக்தாவ் வந்தார். "என்னம்மா யுகெத், சந்தையில மாட்டைக் கழிச்சுட்டாங்களா?"

எதிரே இருந்த காப்பிக்கடைக்குப் போனோம். ஒக்தாவ் வெள்ளை ஒயின் கேட்டார். யுகெத் காப்பியைத் தொடவில்லை. எழுந்து தொலைபேசிப் பக்கம் போனார், எடுக்காமல் திரும்பி வந்தார்.

"இங்க பாரு, நான் வீட்ல உக்காந்து செத்தா பேப்பர்ல ஒரு பத்தி வரும். அதுலயும் என் வயசைத் தப்பாப் போடுவானுங்க" என்றார் ஒக்தாவ்.

"படத்துக்கு நடுவுல நீங்க செத்தா என் கம்பெனி போயிடும்."

"அதுவும் நியாயந்தான்." அவர் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்தினார். "ஆனா இந்த மாதிரி ஒரு வேஷம் எனக்கு வந்து எவ்வளவு நாளாச்சு தெரியுமா? உனக்குத் தெரியும். நீதான் அப்போ எல்லாத்தையும் டைப் அடிச்ச."

யுகெத் ஜன்னல்வரை போனார். அங்கேயே நின்று, எங்களைத் திரும்பிப் பார்க்காமல், "எடுத்துடலாம்" என்றார்.

"ஒரு கண்டிஷன்" என்றார் ஒக்தாவ். "அந்தப் பையன் திதியேவுக்குத் தெரியக் கூடாது. தெரிஞ்சா என்னைத் தாங்கு தாங்குன்னு தாங்குவான். எனக்கு நர்ஸ் வேணாம், டைரக்டர்தான் வேணும். வாக்குக் குடு."

கொடுத்தார். மற்ற எல்லாருக்கும் காப்பீடு எடுத்தோம், ஒக்தாவுக்கு மட்டும் இல்லை. அதற்கு ஈடாகப் பணம் போட்டவர்களிடம் தன் வீட்டையே யுகெத் பிணை வைத்தார் என்பது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது.

தியெப்புக்கு வந்த அன்றே சண்டை ஆரம்பித்தது. கதை வரிசையிலேயே எடுக்க வேண்டும் என்பது திதியேவின் ஆசை. யுகெத் அட்டவணையைத் தலைகீழாகப் புரட்டினார். ஒக்தாவ் கயிறு இழுக்கும் காட்சி, படகு தள்ளும் காட்சி, காற்றில் நடக்கும் காட்சி எல்லாம் முதலில். உட்கார்ந்து பேசுகிறவை, படுத்திருக்கிறவை எல்லாம் கடைசியில். காரணம் கேட்டால் படகு இப்போதுதான் வாடகைக்குக் கிடைக்கும் என்பார். மறுநாள் கேட்டால் துறைமுக அதிகாரி அனுமதி தர மாட்டேன் என்கிறார் என்பார். திதியே முட்டாள் இல்லை. அந்த அதிகாரியிடமே போய்ப் பேசிவிட்டு வந்தான்.

"அவர் அப்படி எதுவும் சொல்லவே இல்லையே மேடம்?"

"அப்போ நான் சொல்றேன்னு வெச்சுக்கோ."

போதாததற்கு அவர் பாரிசுக்குத் திரும்பவும் இல்லை. தினமும் காலையில் துறைமுகத்துக்கு வந்துவிடுவார். மீன் ஏலக்கூடத்துக்கும் கேமராவுக்கும் இடையே, ஈரக் கற்களில் குதிகால் வழுக்க வழுக்க, போவதும் வருவதுமாக இருப்பார். கடலோரத்து வெள்ளைச் சுண்ணாம்புப் பாறைச் சரிவிலிருந்து காற்று அடித்தால் ஒக்தாவ் கழுத்துத் துணியைச் சுற்றியிருக்கிறாரா என்று பார்ப்பார். படகு ஆடினால் அவர் கை சிகரெட்டோடு நின்றுவிடும். ஒக்தாவோ குஷியாக இருந்தார். மீனவர்களோடு ஆப்பிள் சாராயம் குடித்தார், அவர்கள் வசவுகளைக் கற்றுக்கொண்டு வந்து மேக்கப் போடும் பெண்ணிடம் பிரயோகித்தார். ஒவ்வொரு ஷாட் முடிந்ததும் யுகெத்தைப் பார்த்துக் கண்ணடிப்பார்.

"முதலாளியம்மாவுக்கு என்ன ஆச்சு? நம்மளை வேவு பாக்குறாங்களா?" என்று விளக்கு ஆட்கள் என்னைக் குடைந்தார்கள். பிலிம் விலை ஏறிப்போச்சு என்று ஏதோ உளறினேன்.

ஒரு நாள் மதியம். துறைமுக ஓரத்து உணவுக்கடையில் நீளமாக மேசை போட்டு எல்லாரும் சிப்பி தின்றுகொண்டிருந்தோம். வெண்ணெயும் வெங்காயமும் மணத்தன. யுகெத் சட்டியோடு நின்றபடியே தின்றார். நாளை எடுக்கவிருக்கும் காட்சிக்கு ஒக்தாவுக்கு டூப் போட வேண்டும் என்று அவர் சொன்னதும் திதியே முள்கரண்டியை வைத்தான்.

"மேடம், ஒண்ணு கேக்கட்டுமா? என் கதையை நீங்க படிச்சீங்களா, இல்ல டைப் மட்டும் அடிச்சீங்களா?"

யாரோ ஒருவன் சிரித்துவிட்டு உடனே இருமினான். ஒக்தாவ் முகம் சிவந்து, "டேய் தம்பி, விஷயம் தெரியாம…" என்று ஆரம்பித்தார். பக்கத்தில் நின்ற யுகெத் அவர் காலை மிதித்ததை நான் பார்த்தேன்.

"படிச்சேன்" என்றார் யுகெத். "டைப்பும் அடிச்சேன். பத்து இடத்துல எழுத்துப்பிழை இருந்துச்சு. திருத்திட்டேன்." சிப்பி ஓட்டைச் சட்டியில் போட்டுவிட்டு வெளியே போய்விட்டார்.

மறுநாள் அந்தக் காட்சி. கடல் வற்றியிருக்கும்போது படகிலிருந்து துறைமுகச் சுவரில் பதித்த இரும்புப் படிகளைப் பிடித்துக் கிழவன் மேலே ஏறி வர வேண்டும். சுவர் இரண்டு மாடி உயரம். படிகளில் பச்சைப் பாசி. கேமரா மேலிருந்து அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கும். வெட்டே கிடையாது. டூப் போட்டால் முகம் காட்ட முடியாது என்று திதியே சொன்னது சரிதான், அதை யுகெத்தும் மறுக்கவில்லை. ஒக்தாவே வந்து, "நான் ஏறுறேன், போதும் இந்தப் பேச்சு" என்று முடித்துவிட்டார். இடுப்பில் கயிறு கட்டி அதை உடைக்குள் மறைத்தோம்.

முதல் டேக் சுமார். இரண்டாவது டேக் ஓடும்போது யாரும் மூச்சுவிட்டதாக எனக்கு நினைவில்லை. பாதி உயரத்தில் கிழவர் நின்றார், மேலே பார்த்தார். அந்தப் பார்வையில் கோபமும் இருந்தது, வெட்கமும் இருந்தது. பிறகு ஏறி வந்தார். ஒலிப்பதிவாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"அருமை" என்றான் திதியே. "இன்னும் ஒண்ணு எடுப்போம் ஒக்தாவ். பாதியில நிக்கறது கொஞ்சம் நீளமா இருக்கட்டும்."

ஒக்தாவ் மறுபேச்சில்லாமல் இறங்கினார். மூன்றாவது டேக் தொடங்கியது. யுகெத் சுவர் விளிம்பில், எல்லாரையும்விட அருகே நின்றிருந்தார். இந்த முறையும் ஒக்தாவ் பாதியில் நின்றார். அது நடிப்பாகத்தான் எங்களுக்குப் பட்டது. யுகெத் மட்டும் அவர் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். விரல்கள் மேல்படியைத் தேடி, எட்டாமல், பழைய படிக்கே திரும்பின. இரண்டு தடவை.

கேமரா ஓடிக்கொண்டிருக்கும்போதே யுகெத் அதற்குக் குறுக்கே நடந்து போனார். சுவர் விளிம்பில் குப்புறப் படுத்து, கோட்டெல்லாம் சேறாக, கையை நீட்டி ஒக்தாவின் மணிக்கட்டைப் பிடித்தார். "கயித்தை இழுங்கடா!" என்று கத்தினார். அவர் கத்தி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான்.

மேலே தூக்கி உட்கார வைத்தோம். ஒக்தாவின் உதடு நீலம் பாரித்திருந்தது. "குளிர் ஏறிடுச்சு" என்று எல்லாரிடமும் சொல்லிப் பார்த்தார். பல் கிடுகிடுத்ததால் அதை நம்பவும் முடிந்தது.

திதியே நம்பினான். அவனுக்குத் தெரிந்ததெல்லாம், தயாரிப்பாளர் தன் ஷாட்டுக்குள் புகுந்து படுத்துவிட்டார் என்பதுதான்.

"என்ன பண்றீங்கன்னு தெரியுதா உங்களுக்கு? முப்பது வருஷமா இந்தத் தொழில்ல இருக்கீங்க!"

"எடுத்தது போதும்."

"போதுமா போதாதான்னு நான் சொல்லணும்! சரி, படம் உங்களோடது, நீங்களே எடுத்துக்கோங்க." கழுத்தில் தொங்கிய, ஷாட் பார்க்கும் வியூஃபைண்டரைக் கழற்றி என் கையில் திணித்துவிட்டு நடந்தான்.

விடுதி அறையில் ஒக்தாவைப் படுக்க வைத்துவிட்டு மருந்து கொடுத்தோம். அவர் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். "நீ காப்பாத்தினது என்னையா, உன் படத்தையாம்மா?" என்று கேட்டார்.

யுகெத் அறையில் நடந்துகொண்டே இருந்தார். "தெரியல" என்றார். "நிஜமாவே தெரியல ஒக்தாவ்."

"போய் அவனைக் கூட்டிட்டு வா. வேற எவனையாவது போட்டு முடிச்சா நான் நடிக்க மாட்டேன்."

ரயில் நிலையத்து பாரில் திதியே பெட்டியோடு உட்கார்ந்திருந்தான். பாரிஸ் வண்டி தாமதம். யுகெத் அவனெதிரே நின்றார்.

"நான் பயந்துட்டேன். தப்பு என்மேலதான்."

"எதுக்குப் பயம்?"

வார்த்தை அவர் வாய்வரை வந்ததை நான் பார்த்தேன். "படம் போயிடுமோன்னு" என்றார்.

"அப்போ இனிமே நீங்க ஸ்பாட்டுக்கு வரக் கூடாது."

"வரலைன்னு சொன்னா பொய்யாயிடும். வேற எதாவது கேளு."

திதியே யோசித்தான். அவன் கேட்டதைத் தயாரிப்பாளர்கள் கனவில்கூடக் கொடுக்க மாட்டார்கள். "எடிட்டிங்ல கடைசி வார்த்தை என்னோடது. ஒரு அடி பிலிமைக்கூட நீங்க தொடக் கூடாது."

தன் எந்தப் படத்திலும், எந்தப் பெரிய இயக்குநருக்கும் யுகெத் அதை விட்டுக்கொடுத்ததில்லை. வாசல்வரை போனார், தண்டவாளத்தைப் பார்த்தார், திரும்பி வந்தார்.

"எடுத்துக்கோ. ஆனா அந்த ஏணிக்குத் திரும்பப் போகக் கூடாது. ரெண்டாவது டேக்கை வெச்சுக்கோ."

"ரெண்டாவது நல்லாத்தான் இருந்துச்சு" என்று முணுமுணுத்தான் அவன். பெட்டியைத் தூக்கிக்கொண்டான்.

அவனை விடுதியில் இறக்கிவிட்ட பிறகு நான் காரை நிறுத்தியபடியே கேட்டேன். "சொல்லியிருக்கலாமே மேடம். ஒரு வார்த்தை போதுமே."

"வாக்குக் குடுத்திருக்கேன்." பிறகு தானாகவே மேலும் சொன்னார்: "அது மட்டும் இல்ல ஃபிர்மேன். அவன் அந்த மனுஷனை ஈவிரக்கமில்லாம வேலை வாங்குறான் பாரு, அதுதான் திரையில தெரியுது. விஷயம் தெரிஞ்சா அவன் கை தளர்ந்துடும். எனக்கு அந்தக் கடுமை வேணும்." அதைச் சொல்லும்போது அவர் என்னைப் பார்க்கவில்லை.

மீதிப் படம் அமைதியாக முடிந்தது. உட்காரும் காட்சிகள், படுக்கும் காட்சிகள். கடைசி நாள் ஒக்தாவ் யூனிட் முழுவதற்கும் சாராயம் வாங்கிக் கொடுத்து, மேசைமேல் ஏறப் போய், யுகெத்தின் பார்வையைக் கண்டு நாற்காலியோடு நிறுத்திக்கொண்டார்.

வசந்தத்தில், ஒசேர் ஊருக்குப் பக்கத்தில் தன் வீட்டுத் தோட்டத்தில், பட்டாணி உரித்துக்கொண்டிருந்த ஒக்தாவ் அப்படியே போய்விட்டார். படம் அப்போது எடிட்டிங்கில் இருந்தது. அடக்கத்துக்கு எல்லாரும் போனோம். கல்லறைத் தோட்டத்து வாசலில் ஒக்தாவின் தங்கை திதியேவின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்: "டாக்டர் வேண்டவே வேண்டாம்னு சொன்னார் தம்பி. கேக்கலையே. ஆனா உன் படம் முடிஞ்சதுல அவ்வளவு சந்தோஷம் அவருக்கு." திதியே ஒன்றும் புரியாமல் நின்றான். பிறகு புரிந்தது. தலையைத் தூக்கிக் கூட்டத்தில் யுகெத்தைத் தேடினான்.

அடுத்த வாரம் அலுவலகத்துக்கு வந்தான். நான் வெளியே போக எழுந்தேன். "இருங்க, நீங்களும்தானே கூட்டு" என்றான்.

"அந்த மூணாவது டேக்ல அவர் செத்திருந்தா?" என்று யுகெத்தைக் கேட்டான். "நான்தான் ஏறச் சொன்னேன். வாழ்நாள் பூரா நான்தான் கொன்னேன்னு சுமந்துக்கிட்டுத் திரிஞ்சிருப்பேன். அதையும் எனக்காக நீங்களே முடிவு பண்ணிட்டீங்க, இல்ல?"

"ஆமா."

"வெறும் ஆமாவா?"

"தினம் காலையில உன்கிட்ட சொல்லிடணும்னுதான் கிளம்புவேன் திதியே. போற வழியில ஊர்த் தியேட்டர்ல, முந்தின நாள் எடுத்ததைப் போட்டுப் பாப்பேன். பாத்ததும் வாயை மூடிக்குவேன். அவ்வளவு நல்லா இருந்துச்சு." மேசைமேல் இருந்த தீப்பெட்டியை மூன்று தடவை திறந்து மூடினார். "வாக்குன்னு சொல்லித் தப்பிச்சுக்கலாம். முழுக்க அது இல்ல."

திதியே கதவை அடிக்காமல், மெதுவாகச் சாத்திவிட்டுப் போனான். அடித்திருந்தால் எங்களுக்கு நன்றாக இருந்திருக்கும்.

படம் இலையுதிர் காலத்தில் வெளியானது. விநியோகஸ்தர்கள் நீளம் என்று முனகினார்கள். யுகெத் ஒரு அடிகூடத் தொடவில்லை. முதல் காட்சியன்று அவரால் அரங்கில் இருக்க முடியவில்லை. மழையில் நானும் அவரும் தெருத்தெருவாக நடந்தோம். ஒரு கடையில் காப்பி சொல்லிவிட்டு வருவதற்குள் எழுந்தார், அடுத்த கடையிலும் அதேதான். "இப்போ ஏணிக் காட்சி வந்திருக்கும்" என்றார் ஓரிடத்தில் நின்று. "இப்போ முடிஞ்சிருக்கும்." திரும்பி வந்தபோது ஜனங்கள் வெளியே வந்துகொண்டிருந்தார்கள், யாரும் பேசவில்லை. எங்களை யாருக்கும் தெரியவும் இல்லை. படம் நன்றாக ஓடியது. பத்திரிகைகள் இயக்குநரின் துணிச்சல் என்று எழுதின. ஒரு விழாவில் திதியே பரிசு வாங்கியபோது ஒக்தாவுக்கு நன்றி சொன்னான், கேமராமேனுக்குச் சொன்னான், தியெப் மீனவர்களுக்குச் சொன்னான். அதோடு இறங்கிவிட்டான்.

அதன்பின் அவன் வேறு தயாரிப்பாளர்களோடு போனான். ஆறேழு வருடம் எங்கள் அலுவலகத்தில் அவன் பெயரை யாரும் எடுத்ததில்லை. யுகெத் மட்டும் அவன் ஒவ்வொரு படத்தையும் மதியக் காட்சியில் தனியாகப் போய்ப் பார்த்தார் என்று எனக்குத் தெரியும். சில படங்களிலிருந்து பாதியில் எழுந்தும் வந்திருக்கிறார். "இரக்கப்பட்டு எடுக்குறான். அவனுக்கு அது வராது" என்றார் ஒரு தடவை.

பிறகு ஒரு காலையில் அவனே வந்து நின்றான். தலை நரைக்கத் தொடங்கியிருந்தது. அவனுடைய கடைசி இரண்டு படங்களும் விழுந்திருந்தன. கையில் இருந்த கதையை ஊரில் எல்லாரும் திருப்பிக் கொடுத்திருந்தார்கள்.

"இதை நீங்க எடுப்பீங்களான்னு கேக்க வந்தேன்" என்றான். "ஒரே நிபந்தனை. எதையும் மறைக்கக் கூடாது. நல்லதோ கெட்டதோ, மூஞ்சிக்கு நேரா சொல்லிடணும்."

"உக்காரு" என்றார் யுகெத். "காப்பி சாப்பிடு." கதையை வாங்கிக்கொண்டு ஜன்னலோரம் போய் நின்றபடியே படித்தார். திதியே நாற்காலி நுனியில் உட்கார்ந்து, காப்பியை ஆறவிட்டு, அவர் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தான். தாள்கள் புரண்டன. கீழே தெருவில் யாரோ ஹாரன் அடித்தார்கள்.

"முதல் பாதி நல்லா இருக்கு" என்றார் யுகெத் திரும்பி. "ரெண்டாம் பாதி குப்பை. அந்த டாக்டர் கேரக்டர் எதுக்கு இருக்கான்னு உனக்கே தெரியல."

திதியேவுக்கு முகம் சுருங்கியது. பிறகு, வந்ததிலிருந்து முதல் தடவையாக, நாற்காலியில் சாய்ந்தான். "எனக்கும் சந்தேகமாத்தான் இருந்துச்சு" என்றான்.

மறுவாரமே வேலை தொடங்கினோம். அந்தப் படம் ஓடவில்லை. அடுத்ததைத் தொடங்கினோம்.